மூன்றாவது அழைப்பு

பிரகாசி சாளை மீனைக் கழுவிக்கொண்டிருந்தபோது, காதுக்குப் பின்னால் ஒட்டியிருந்த அக்கறைமானி பேசியது.

"தெண்ணீர் நிறுவனம்."

ஒரு பெண் குரல். அதில் அவசரமும் இல்லை, கோபமும் இல்லை. பிரகாசியின் கையிலிருந்த மீன் நழுவிச் சட்டிக்குள் விழுந்தது. 

"தெண்ணீர் நிறுவனம்."

அவள் சுவரைப் பிடித்துக்கொண்டாள். மூன்றாவது தடவையும் அந்தப் பெயர் வந்து போனது.

"பதிவாயிற்று. வழக்கு நிலுவையில் தொடர்கிறது" என்றது குரல்.

"எம்மா, ஆயிட்டா?" என்று உள்ளேயிருந்து மகள் அமலி கேட்டாள்.

"ஆயிட்டு" என்று சொல்லிவிட்டுப் பிரகாசி மறுபடி மீனை எடுத்தாள். இனி அடுத்த அழைப்பு வரைக்கும் கவலையில்லை. அது எப்போது வரும் என்பது மட்டும் யாருக்கும் தெரியாது.

முன்பெல்லாம் நீதிமன்ற வாசலில் டவாலி நின்று வாதியின் பெயரை மூன்று தரம் கூவுவார். ஆள் வராவிட்டால், வழக்கை நடத்த வாதிக்கு அக்கறை இல்லை என்று எழுதித் தள்ளுபடி செய்துவிடுவார்கள். வழக்கில் நியாயம் இருந்ததா என்ற கேள்விக்கே இடமில்லை. பிறகு நிழலுருக்கள் வந்தன. வாதியின் முகமும் குரலும் கொண்ட ஒளியுருவம் எல்லா வாய்தாவுக்கும் தவறாமல் ஆஜராகி நிற்கும். வாதி அந்த நேரம் சினிமா பார்த்துக்கொண்டிருப்பார், சில சமயம் செத்தே போயிருப்பார். செத்தவர்களின் வழக்குகளால் நீதிமன்றங்கள் நிரம்பி வழிந்தபோது, ஆள் வந்து நிற்பதைப் பார்ப்பானேன், அக்கறையையே அளந்துவிடலாமே என்று யாரோ ஒரு கெட்டிக்காரர் சொன்னார்.

அப்படி வந்ததுதான் இந்தக் கருவி. சுண்டுவிரல் நகம் அளவுதான் இருக்கும். நினையாத நேரத்தில் எதிராளியின் பெயரை மூன்று தரம் காதுக்குள் சொல்லும். இதயத் துடிப்பையும் வியர்வையையும் மூளையில் வலி தெரியும் இடத்தையும் அப்போது அளக்கும். ஒரு தடவையாவது வலித்தால் வழக்கு பிழைக்கும். மூன்றுக்கும் வலிக்காவிட்டால் தள்ளுபடி. பதறுவது, பயப்படுவது எல்லாம் கணக்கில் வராது. வலியையும் பயத்தையும் அதற்குப் பிரித்துப் பார்க்கத் தெரியும். இனி பொய் வழக்குக்கு வேலையில்லை என்று சட்டமன்றத்தில் மேசையைத் தட்டினார்கள். தட்டியவர்களில் ஒருவருக்கும் வழக்கு எதுவும் இல்லை.

பிரகாசிக்கு வேண்டியிருந்தது ஒரே ஒரு வாக்கியம். அவள் மகன் இஞ்ஞாசி, கடல்நீரைக் குடிநீராக்கும் தெண்ணீர் ஆலையில் வேலை பார்த்தான். குளோரின் அறையில் வாயு கசிந்த அன்று உள்ளே இருந்தவன் அவன் மட்டும்தான். ஆட்கள் வேலை நேரத்தில் கடற்கரைப் பக்கம் போய் நின்றுவிடுகிறார்கள் என்று அறைகளை வெளியிலிருந்து பூட்டிவைப்பது அந்த ஆலையின் வழக்கம். ஊருக்கே தெரியும். ஆனால் நிறுவனத்தின் அறிக்கை, கதவு திறந்தே இருந்ததாகவும், பணியாளர் தூங்கிவிட்டதாகவும், அவருடைய கவனக்குறைவே சாவுக்குக் காரணம் என்றும் சொன்னது. பிரகாசி சவப்பெட்டியில் வைப்பதற்கு முன் மகனுடைய விரல்களைப் பார்த்திருந்தாள். நகம் பிய்ந்து கிடந்தது. தூங்கினவன் விரல் அப்படி இருக்காது.

கதவு வெளியிலிருந்து பூட்டியிருந்தது, பூட்டியது நிறுவனம் என்று கோர்ட்டு சொல்ல வேண்டும். அவள் கேட்டது அவ்வளவுதான். வழக்கு விசாரணைக்கு வர வருடக்கணக்காகும். அதுவரை அவள் வலியை அணையாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அக்கறைமானி வந்ததும் பெரிய நிறுவனங்கள் வக்கீல்களைக் குறைத்துவிட்டு ஆறுதல் பிரிவு தொடங்கின. வாதியோடு மல்லுக்கு நிற்பானேன்? அவர் மனம் ஆறிவிட்டால் வழக்கு தானாகவே விழுந்துவிடும். தெண்ணீர் நிறுவனம் பிரகாசியிடம் அனுப்பியவன் பெயர் சுகிர்தன். முதல் நாளே வாசலில் நின்று உண்மையைச் சொன்னான்.

"நான் தெண்ணீர்லேருந்து வர்றேம்மா. ஒளிக்க மாட்டேன். உங்களுக்கு ஏதாவது செய்யணும்னுதான் வந்தேன்."

"செய்ய வேண்டியத உங்க ஆளுவ செஞ்சிட்டாவளே தம்பி. நீங்க போங்க."

அவன் போனான். மறுவாரம் வந்தான். அவளுக்கு முட்டு வலி என்று தெரிந்து நல்ல வைத்தியரிடம் கூட்டிப்போனான். வேலையில்லாமல் திரிந்த மருமகன் டெரன்சுக்குப் பக்கத்து ஐஸ் கம்பெனியில் சொல்லி இடம் வாங்கிக் கொடுத்தான். அதனால் அமலியும் அவனும் அம்மா வீட்டுக்கு அடுத்த தெருவிலேயே குடிவந்தார்கள். பெரிய சங்கடம் என்னவென்றால் சுகிர்தன் நிஜமாகவே நல்லவன். நிறுவனம் நல்லவர்களாகத் தேடிப் பிடித்துத்தான் அந்த வேலைக்கு வைத்திருந்தது. இதைவிடக் கேவலமான ஒரு காரியத்தை நல்லவர்களைக் கொண்டு யாரும் செய்ததில்லை.

வக்கீல் கோமதிநாயகம் எச்சரித்தார். அக்கறைமானிக் காலத்தில் வாதி வக்கீலின் வேலை சட்டம் பேசுவது இல்லை. கட்சிக்காரரின் புண் ஆறாமல் பார்த்துக்கொள்வது. அதில் அவர் பெயர் பெற்றவர்.

"கல்யாண வீட்டுக்குப் போகாதீங்க. பாட்டு கேக்காதீங்க. நல்ல சாப்பாடு வேண்டாம். அப்புறம் முக்கியமா ஒண்ணு சொல்லுதேன். பையன் பேர சும்மா சும்மா சொல்லாதீங்க. பேர தேய்ச்சிட்டா அதுல இருக்க வலி போயிரும்."

"சரிய்யா" என்றாள் பிரகாசி. மகன் பெயரை அவள் வாய்விட்டுச் சொல்லி வெகுகாலம் ஆகியிருந்தது. வீட்டில் எல்லோரும் அவனை 'அவன்' என்றே சொன்னார்கள். அமலிக்கு வளைகாப்பு நடந்தபோதும் பிரகாசி அடுப்படியிலேயே உட்கார்ந்திருந்தாள், சிரித்துவிடுவோமோ என்று பயந்துகொண்டு.

அமலிக்கு ஆண் குழந்தை பிறந்தது. மாமன் பெயரையே வைக்க வேண்டும் என்று அவள் ஒற்றைக்காலில் நின்றாள். செத்தவர் பெயரை அடுத்துப் பிறக்கிற பிள்ளைக்கு வைப்பது அந்தக் கடற்கரையில் எல்லா வீட்டிலும் உள்ள வழக்கம்தான். பிரகாசி வக்கீலிடம் கேட்டாள்.

கோமதிநாயகம் கொஞ்சம் யோசித்தார். "வைங்க, நல்லதுதான். ஒவ்வொரு தடவ கூப்பிடும்போதும் நெஞ்சுல குத்தும்லா? நமக்கு அதுதானே வேணும்."

முதல் வாரம் குத்தத்தான் செய்தது. "இஞ்ஞாசி" என்று அமலி கூப்பிட்டபோதெல்லாம் பிரகாசி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஆனால் குழந்தை என்றால் நாளெல்லாம் கூப்பிடத்தானே வேண்டும்? இஞ்ஞாசி பால் குடிக்கவில்லை, இஞ்ஞாசி துணியை நனைத்துவிட்டான், இஞ்ஞாசிக்குச் சளி. பெயர் கொஞ்சம் கொஞ்சமாகக் குழந்தையின் பக்கம் நகர்ந்தது. அதை வக்கீலும் கவனிக்கவில்லை, பிரகாசியும் கவனிக்கவில்லை.

ஞானஸ்நானத்தன்று கோவிலில் குழந்தையைப் பிரகாசிதான் ஏந்தி நின்றாள். சாமியார் "இஞ்ஞாசி" என்று பெயர் சொல்லித் தலையில் தண்ணீர் ஊற்றினார். குழந்தை திடுக்கிட்டு, அழலாமா வேண்டாமா என்று யோசிப்பது போல ஊரையே ஒரு பார்வை பார்த்துவிட்டு, ஒரு பெரிய தும்மல் போட்டது. கோவிலே சிரித்தது. பிரகாசியும் சிரித்துவிட்டாள். மகன் செத்த பிறகு அவள் சிரித்தது அன்றுதான்.

"தெண்ணீர் நிறுவனம்" என்றது காது.

யாரோ தெருவில் யாரையோ கூப்பிடுவது போல அவளுக்கு அது கேட்டது. குழந்தை அவள் கீழுதட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தது.

"தெண்ணீர் நிறுவனம்."

இப்போது அவளுக்குப் புரிந்துவிட்டது. உடம்பெல்லாம் பதறியது. வலியைத் தேடினாள். மகனின் விரல்களை நினைத்தாள். அவள் கண்ணுக்கு முன்னால் சின்ன விரல்கள்தான் ஆடின. மூன்றாவது அழைப்பும் வந்தது. அவளுக்குள் பயம் மட்டும்தான் இருந்தது. கருவிக்குப் பயம் செல்லாது.

"வாதிக்கு அக்கறை இல்லை. வழக்கு தள்ளுபடி."

சுகிர்தனுக்கு அந்த வாரமே பதவி உயர்வு வந்தது. செய்தி கேட்டு அவன் அழுதான் என்று டெரன்ஸ் வந்து சொன்னான். அழுதிருப்பான். பதவி உயர்வையும் வாங்கிக்கொண்டான்.

பிரகாசி பல நாள் குழந்தையைத் தொடவில்லை. "பிள்ள என்னம்மா பண்ணிச்சு?" என்று அமலி கேட்டதற்கு, "பிள்ள ஒண்ணும் பண்ணல. நாந்தான் சிரிச்சேன்" என்றாள்.

நிறுவனத்துக்கு அடுத்த ஆபத்து வேறு பக்கத்திலிருந்து வந்தது. உரிமம் புதுப்பிக்கும் நேரத்தில் அரசாங்கம் பழைய சாவைப் பற்றித் துருவத் தொடங்கியது. கதவு திறந்திருந்தது என்ற கதை அங்கே எடுபடவில்லை. உடனே நிறுவனம் கதையை மாற்றிக்கொண்டது. கதவு பூட்டித்தான் இருந்தது, ஆனால் நாங்கள் பூட்டவில்லை. தானியங்கிப் பூட்டு பழுதாகித் தானே பூட்டிக்கொண்டது என்று, பூட்டு செய்து கொடுத்த காப்புத்தாழ் நிறுவனத்தின் மேல் வழக்குத் தொடுத்தது.

அங்கேதான் சிக்கல். நிறுவனத்துக்கு நெஞ்சு கிடையாது. ஆகவே நிறுவனம் வாதியானால் அதன் சார்பில் வலிமுகவர் ஒருவர் அக்கறைமானியை அணிய வேண்டும் என்பது சட்டம். தலைவர் அணிந்து பார்த்தார். காப்புத்தாழ் என்று மூன்று தரம் சொன்னதும் அவருக்குக் கொட்டாவி வந்தது. மேலாளர்கள் வரிசையாக அணிந்தார்கள். அத்தனை பெரிய நிறுவனத்தில் அந்தச் சாவுக்காக வலிக்கிற ஒரு ஆளைக்கூடக் கண்டுபிடிக்க முடியவில்லை.

கடைசியில் சுகிர்தன் பிரகாசியின் வீட்டுக்கு வந்தான். கோமதிநாயகமும் அங்கே இருந்தார்.

"கேக்கவே கூச்சமா இருக்கும்மா. எங்களுக்காக நீங்க வலிமுகவரா இருக்கணும்" என்றான்.

பிரகாசி அவனையே பார்த்தாள். "ஒங்களுக்காக நான் வலிக்கணுமா?"

"மனுவுல எழுதியிருக்கும்மா. கதவு வெளியிலேருந்து பூட்டியிருந்ததுன்னு. நீங்க கேட்ட அதே வார்த்தைதான்."

"யாரு பூட்டுனதுன்னு எழுதியிருக்கு?"

சுகிர்தன் தலையைக் குனிந்துகொண்டான். "பூட்டு" என்றான்.

அவனை வாசலில் இருக்கச் சொல்லிவிட்டு வக்கீல் குரலைத் தாழ்த்தினார். அவர் முகத்தில் பல மாதமாகக் காணாத வெளிச்சம்.

"ஒத்துக்கிடுங்க பிரகாசியம்மா. கதவு தெறந்திருந்துன்னு சாதிச்சவன், இப்ப அவன் வாயாலயே பூட்டியிருந்துன்னு சொல்லுதான். தீர்ப்புல அது ஏறட்டும். அப்புறம் நம்ம வழக்கத் திரும்ப எடுக்க மீட்பு மனு போடுதேன். பூட்டு தானா பூட்டாதுங்கத நான் நிரூபிச்சிருவேன். அவன் வெட்டுன குழியில அவனே விழுவான்."

"நெசமாவா அய்யா?"

"என் சர்வீஸ்ல இப்படி ஒரு வாய்ப்பு வந்ததில்லம்மா."

மகனுக்காக இவ்வளவு நாள் வலித்தாயிற்று, அவர்களுக்காகவும் கொஞ்சம் வலித்துவிட்டுப் போவோம் என்று பிரகாசி சம்மதித்தாள். மறுபடியும் காதுக்குப் பின்னால் கருவி ஒட்டிக்கொண்டது.

சுகிர்தனின் வேலை இப்போது தலைகீழானது. முன்பு புண்ணை ஆற்ற வந்தவன் இப்போது கீற வந்தான். முதல் நாள் பையிலிருந்து ஒரு கறுப்புப் பூட்டை எடுத்து மேசைமேல் வைத்தான். உள்ளங்கை அகலம். நடுவில் சிவப்பாக ஒரு பொட்டு எரிந்தது.

"இந்தத் தாழ்தாம்மா. இது தெறந்திருந்தா உங்க மகன் வெளியே வந்திருப்பாரு."

"பூட்டுனவன் தெறந்திருந்தாலும் வந்திருப்பான்."

"பூட்ட மட்டும் பாருங்கம்மா" என்றான் அவன் கெஞ்சலாக. தினமும் வந்தான். அவன் மேசைமேல் வைத்த அந்தச் சனியன் அங்கேயே இருந்தது. அவள் சாப்பிடும்போதும் அதன் சிவப்புப் பொட்டு அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது. காப்புத்தாழ், காப்புத்தாழ் என்று அந்தப் பெயரை அவளைச் சொல்ல வைத்து, சொல்லும்போது மகனின் விரல்களை நினைக்க வைத்தான். அழுவாள். அவனும் கூட உட்கார்ந்து அழுவான். பிறகு நிறுவனத்தின் மருத்துவர் வந்து அவளுக்கு ரத்த அழுத்தம் பார்ப்பார். தெண்ணீர்க்காரர்கள் அவளைக் கண்ணும் கருத்துமாகத்தான் பார்த்துக்கொண்டார்கள்.

ஒரே ஒரு குறை. ஒரு தடவை அழைப்பு வந்தபோது அடுத்த அறையில் குழந்தை சிரித்துக்கொண்டிருந்தது. வலி மிகக் குறைவாகப் பதிவாகி, வழக்கு மயிரிழையில் தப்பியது. அடுத்த வாரமே டெரன்சின் ஐஸ் கம்பெனி அவனைக் குஜராத்துக்கு மாற்றியது. இடம் வாங்கிக் கொடுத்த கைதான் பறித்தது என்பது அமலிக்குப் புரிந்துவிட்டது.

"வேண்டாம்மா, அந்தச் சாமானக் கழட்டிப் போடு. நாங்க போவல" என்றாள்.

"கொஞ்ச நாளுதான் தாயி. தீர்ப்பு வந்திரட்டும்."

ரயில் நிலையத்தில் குழந்தை பாட்டியின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. அமலிதான் ஒவ்வொரு விரலாகப் பிரித்தாள். வண்டி நகர்ந்தபோது காது பேசியது.

"காப்புத்தாழ் நிறுவனம்."

வலி அவளை நடைமேடையில் உட்கார வைத்துவிட்டது. "பதிவாயிற்று" என்ற குரலில் இந்தத் தடவை ஒரு திருப்தி இருந்ததாக அவளுக்குத் தோன்றியது. அது கற்பனைதான்.

தெண்ணீர் நிறுவனம் வென்றது. தீர்ப்பை நீதிபதி வாசித்தபோது பிரகாசி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். "சம்பவத்தன்று அறைக் கதவு வெளியிலிருந்து பூட்டியிருந்தது என்பது ஐயத்துக்கு இடமின்றி நிரூபணமாகிறது." அவள் கண்ணை மூடிக்கொண்டாள். அந்த வாக்கியம் வந்துவிட்டது. அதற்கு அடுத்த வாக்கியமும் வந்தது. "பழுதான பூட்டினால் பயிற்சி பெற்ற பணியாளர் ஒருவரை இழந்து பாதிக்கப்பட்ட தரப்பு, வாதியான தெண்ணீர் நிறுவனம்."

"அதப் பத்திக் கவலப்படாதீங்க" என்று கோமதிநாயகம் காதோடு சொன்னார். மறுநாளே மீட்பு மனுவைத் தாக்கல் செய்தார். பூட்டு நிபுணர் ஒருவரையும் தயாராக வைத்திருந்தார். எல்லாம் சரியாக இருந்தது. தள்ளுபடியான வழக்கைத் திரும்ப எடுக்கவேண்டுமானால் வாதிக்கு அக்கறை திரும்பியிருக்கிறது என்று காட்டவேண்டும்; அந்த ஒரு சோதனைதான் பாக்கி.

நீதிமன்ற ஊழியர் ஒரு புதுக் கருவியை அவள் காதுக்குப் பின்னால் ஒட்டினார். வக்கீல் புன்னகையோடு நின்றிருந்தார்.

"தெண்ணீர் நிறுவனம்."

பிரகாசிக்கு முட்டு வலிக்குப் போட்டுவிட்ட ஊசி ஞாபகத்துக்கு வந்தது. ரத்த அழுத்தம் பார்த்த மருத்துவரின் குளிர்ந்த கை. கூட உட்கார்ந்து அழுத பையன். தீர்ப்பு வாசித்த குரல்.

ஊழியர் திரையைப் பார்த்தார். வலியைக் காட்டும் கோடு அசையவில்லை.

"தெண்ணீர் நிறுவனம்."

"அவியதான் பூட்டுனாவ" என்று பிரகாசி சத்தமாகவே சொன்னாள். அவளுக்கு எல்லாம் தெரிந்துதான் இருந்தது. ஒன்றையும் மறக்கவில்லை, யாரையும் மன்னிக்கவில்லை. ஆனால் அவள் சொல்வதைக் கேட்கும் காது அந்தக் கருவிக்கு இல்லை. வலி முழுவதையும் அவள் வேறொரு பெயரின் கீழ் கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டிருந்தாள், நாள் தவறாமல், அழுது அழுது.

கோமதிநாயகத்தின் புன்னகை போய்விட்டது. அவருக்கு இப்போதுதான் விளங்கியது. பூட்டுக்காரனை ஜெயிப்பது மட்டும் தெண்ணீரின் நோக்கமாக இருந்திருக்காது. ஏறக்குறைய தனக்குள்ளேயே அவர் சொன்னார்.

"பேர தேய்ச்சிட்டோம்."

மூன்றாவது அழைப்பு வந்தது. கோடு நேராகவே ஓடியது.

"எனக்கு வேணும்யா" என்றாள் பிரகாசி நீதிபதியைப் பார்த்து. "எனக்கு இந்தக் கேசு வேணும்."

நீதிபதி அவளைப் பரிதாபமாகப் பார்த்தார். ஆனால் வாய்ச்சொல்லை அக்கறைக்குச் சான்றாக ஏற்கும் காலம் மலையேறிப் போயிருந்தது. "வாதிக்கு அக்கறை இல்லை. மனு தள்ளுபடி" என்று குரல் சொன்னதை அவர் எழுதிக் கையெழுத்திட்டார். ஊழியர் கருவியைப் பிய்த்து எடுத்து, துடைத்து, அடுத்த ஆளுக்காக வைத்தார்.

பேருந்து நிறுத்தத்துக்குப் போகும் வழியில் ஒரு ஜவுளிக்கடை மூடிக் கிடந்தது. இரும்புக் கதவின் நடுவில் கறுப்பாக ஒரு காப்புத்தாழ் தொங்கியது, அதில் சிவப்புப் பொட்டு எரிந்தது. பிரகாசியின் கால்கள் நின்றுவிட்டன. கோர்ட்டில் வராத வலி இப்போது வந்தது. உடம்பு முழுவதும் வியர்க்க, அவள் அந்தக் கதவைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து மகன் பெயரைச் சொல்லி அழுதாள். காதுக்குப் பின்னால் ஒன்றும் இல்லை. எதுவும் பதிவாகவில்லை.